"பொசுக்கென்று போய்விட வேண்டும்" என்று பாட்டி சொன்னால்

தங்கச்சி, ஜப்பானின் நகானோ மாகாணத்தில் முதியோர் இல்ல வேலைக்குச் சேர்ந்திருக்கிறீர்கள். அங்குள்ள பாட்டிமார் "பொசுக்கென்று போய்விட வேண்டும்" என்று சிரித்துக்கொண்டே சொல்வது பயமாக இருக்கிறது, என்ன பதில் சொல்வது என்று கேட்டிருந்தீர்கள்.

பெரும்பாலும் அது சாகத் துடிக்கிற பேச்சு இல்லை. கடைசிவரை ஓடியாடி இருந்து, படுக்கையில் விழாமல், பிள்ளைகளுக்குப் பாரமாகாமல் போக வேண்டும் என்கிற வேண்டுதல். இதை ஜப்பானியர்கள் 'பின்பின் கொரோரி' (துடிப்பாக வாழ்ந்து, சட்டென்று போவது) என்பார்கள், உங்கள் மாகாணத்தில் அது ரொம்பப் பிரபலம். நம் ஊரிலும் "கைகால் நல்லா இருக்கும்போதே போய்ச் சேரணும்" என்று சொல்வார்களே, அதேதான். இங்கே அதற்கென்றே சாமியும் உண்டு. சாகு நகரத்தில் 2003இல் வைத்த பின்கொரோ ஜிஸோ என்ற பௌத்தக் காவல் தெய்வத்தின் சிலையை லீவு நாளில் போய்ப் பாருங்கள். நாரா பக்கம் இகாருகாவில் கிச்சிதென்ஜி என்று ஒரு கோயில். கென்ஷின் என்ற துறவி தன் தாயின் துணியை வைத்து வேண்டினார், அந்த அம்மா நோவில்லாமல் கண்மூடினார் என்பது ஐதீகம். இன்றைக்கும் உள்ளாடைகளைக் கொண்டுபோய் அமிதா புத்தர் முன் வேண்டிக்கொள்கிறார்கள்.

சாவைப் பேசினால் அபசகுனம் என்று வளர்ந்தவர்கள் நாம். "அப்படிச் சொல்லாதீங்க, நூறு வயசு இருப்பீங்க" என்று சட்டென்று வாயில் வந்துவிடும். அதைச் சொன்னால் பேச்சு அங்கேயே நின்றுவிடும். பக்கத்தில் உட்கார்ந்து, எங்கே இருக்கும்போது, யார் கூட இருக்கும்போது போக ஆசை என்று கேளுங்கள். குழாய் வழியாகச் சாப்பாடு வேண்டாம் என்பார், மகள் வந்தால் போதும் என்பார். அப்படியே பதிவேட்டில் எழுதி, பராமரிப்புத் திட்டம் போடுகிற கேர் மேனேஜரிடமும் சொல்லுங்கள். பாட்டிக்குப் பேச முடியாமல் போகும்போது, குடும்பமும் டாக்டரும் முடிவெடுக்க அந்த வரிகள்தான் கைகொடுக்கும். இப்படி முன்கூட்டியே பேசிவைப்பதற்கு 2018இல் அரசாங்கமே 'ஜின்செய் கைகி' (வாழ்க்கைக் கூட்டம்) என்று பெயர் வைத்து, நவம்பர் 30ஐ அதற்கான நாளாக ஒதுக்கியிருக்கிறது.

ஆனால் சாப்பாடு குறைந்து, முகம் வாடி, "நான் யாருக்கும் வேண்டாதவள்" என்று சொன்னால் அது வேறு. அன்றைக்கே நர்ஸிடம் சொல்லிவிடுங்கள்.

அந்தப் 'பாரம்' என்கிற பயத்தை மட்டும் என்னால் இன்னும் ஏற்க முடியவில்லை. வலியைக்கூடப் பொறுத்துக்கொண்டு, ராத்திரி மணியை அழுத்தாமல் கிடப்பவர்கள் இருக்கிறார்கள். அதனால் மணி அடிக்காத அறைகளையும் நைட் ஷிப்டில் எட்டிப் பாருங்கள். மணி அடித்தால், "நல்லவேளை கூப்பிட்டீங்க" என்று சொல்லிக்கொண்டே உள்ளே போங்கள்.