பாதி ஆட்டத்தில் எழுந்து போவது

வணக்கம் அண்ணன்,

தலவாக்கலைப் பக்கம் ஒரு தோட்டத்தில் இருந்து எழுதுகிறேன். உயர்தரப் பரீட்சை இரண்டாம் தடவை எழுத இருக்கிறேன். இரவில் கூட்டாளிமாரோடு ஐந்துக்கு ஐந்து துப்பாக்கி கேம் ஆடுவேன், வென்றால் தரம் ஏறி, தோற்றால் இறங்கும் ரேங்க் மேட்ச்தான். லெப்டொப் பழையது, பெட்டரி நிற்காது. இன்டர்நெட் அம்மாவின் போனில் இருந்து. கரண்ட் போனாலும் ஆட்டம் போச்சு, அம்மாவுக்கு கோல் வந்தாலும் ஆட்டம் போச்சு. பாதியில் விட்டுப் போகிறேன் என்று இப்போது ஒரு வாரம் தடை போட்டிருக்கிறார்கள். இது நியாயமா? கூட்டாளி ஒருவன், “லீவ் பட்டனை அமத்தாதே, டேட்டாவை நிற்பாட்டு, கரண்ட் போன மாதிரித் தெரியும்” என்கிறான். இன்னொன்று. கூட்டாளிமார் இல்லாத ஒருநாள் தனியாக ஆடினேன். மைக்கில் என் பேச்சைக் கேட்டதும் ஊர் எது என்று கேட்டு, “தோட்டக்காட்டான்” என்று ஒருவன் சொன்னான். அன்றைக்கு நானாகவே வெளியேறினேன். அதுவும் என் கணக்கில்தான் விழுந்தது. ஒரு மேட்ச்சில் இருந்து ஒழுங்காக வெளியேறுவது எப்படி அண்ணன்? ஒரேயடியாக விட்டுவிடவும் யோசிக்கிறேன். பெயர் போட வேண்டாம்.

அன்பின் தம்பி,

எந்த கேம் என்று நீங்கள் எழுதவில்லை. பெட்டரி நிற்காத பழைய லெப்டொப்பில் ஓடுகிறது என்பதால் வலோரன்ட் என்று எடுத்துக்கொள்கிறேன். கவுண்டர் ஸ்ட்ரைக் 2 என்றால் அந்த லெப்டொப் மூச்சுத் திணறியிருக்கும். எதுவானாலும் பதில் பெரிதாக மாறாது.

உங்கள் கூட்டாளியின் யோசனையை முதலில் முடித்துவிடுவோம். அது பலிக்காது. லீவ் பட்டனை அமத்தினால், “நான் போகிறேன்” என்று உங்கள் கணினி சேர்வருக்குச் சொல்லிவிட்டுப் போகிறது. டேட்டாவை நிற்பாட்டினால் ஒன்றும் சொல்லாமல் போகிறது. மும்பையிலோ சிங்கப்பூரிலோ இருக்கும் சேர்வர் கொஞ்ச நேரம் காத்திருந்துவிட்டு, ஆள் இல்லை என்று எழுதிக்கொள்ளும். இரண்டுக்கும் தீர்ப்பு ஒன்றுதான். சொல்லப்போனால் இரண்டாவது வழி மோசம். அந்தக் காத்திருப்பு முழுக்க உங்கள் ஆள் மைதானத்தில் மரம் மாதிரி நிற்பான். நீங்கள் இருக்கிறீர்கள் என்று நம்பி மற்ற நாலு பேரும் வாசலைத் திறந்து போட்டுவிட்டு வேறு பக்கம் போய்விடுவார்கள்.

தலவாக்கலையில் மரம் முறிந்து கம்பியில் விழுந்ததா, இல்லை தம்பிக்குக் கோபம் வந்ததா என்று சேர்வருக்குத் தெரிய வழியில்லை. கரண்ட் போனது என்றால் மன்னிப்பு உண்டு என்று ஒரு விதி வைத்தால், அடுத்த நிமிடமே தோற்கிற எல்லோர் வீட்டிலும் கரண்ட் போகும். அதனால்தான் காரணமே கேட்பதில்லை என்று முடிவு செய்திருக்கிறார்கள். உங்களுக்கு இது அநியாயம்தான். உங்களோடு ஆடிய நாலு பேருக்கு இது நியாயம். நான் அந்த நாலு பேர் பக்கம்.

இன்னொன்றும் சொல்கிறேன், கோபிக்க வேண்டாம். ஒரு வாரத் தடை முதல் தடவைக்கு வருவதில்லை. கவுண்டர் ஸ்ட்ரைக்கில் அது படிப்படியாக ஏறும்: 30 நிமிடம், 2 மணித்தியாலம், 24 மணித்தியாலம், பிறகுதான் 7 நாள். ஒரு வாரம் ஒழுங்காக இருந்தால் ஒரு படி இறங்கும். வலோரன்டிலும் அப்படித்தான், விட்டுப் போகப் போகத் தண்டனை கூடும், ரேங்க் புள்ளியும் வெட்டுப்படும். ஆகவே அம்மாவின் கோலும் மழையும் அந்த ஒருநாள் கோபமும் மட்டும்தான் கணக்கில் இருக்கின்றனவா என்று நீங்களே ஒருதரம் பார்த்துக்கொள்ளுங்கள்.

கரண்ட் விஷயத்தில் எனக்கும் எரிச்சல்தான். காசல்ரீ, மவுசாக்கலை, லக்ஷபான, மேல் கொத்மலை என்று நாட்டுக்கு நீர்மின்சாரம் கொடுப்பதே நம்முடைய மலைகள். உங்கள் ஊரிலேயே அணைக்கட்டு இருக்கிறது. தோட்டத்து வரிசை வீடுகளான லயத்தில்தான் இருட்டு. 2022 மார்ச் கடைசியில் நாள் ஒன்றுக்கு 13 மணித்தியாலம் வெட்டினார்கள். 2025 பெப்ரவரியில் பாணந்துறை உப மின்நிலையத்துக்குள் ஒரு குரங்கு புகுந்ததால் நாடே இருண்டது என்று அமைச்சரே சொன்னார். அன்றைக்கு ரேங்க் மேட்ச் ஆடிக்கொண்டிருந்தவர்கள் எந்தக் குரங்கிடம் முறையிடுவது?

ஆனால் மழைக்கு ஒரு நேரம் உண்டு, அது உங்களுக்கும் தெரியும். மார்ச், ஏப்ரலிலும் ஒக்டோபர், நவம்பரிலும் பின்னேரம் இடி முழங்கும். மே கடந்தால் தென்மேல் பருவக்காற்று, மரம் விழும் காலம். வானம் கறுத்திருக்கும்போது ரேங்க் தொடுவது நீங்கள் எடுக்கும் முடிவு. முதலில் லெப்டொப்புக்கு நல்ல பெட்டரி ஒன்று போடுங்கள். டவர் விழாத வரைக்கும் போன் டேட்டா நிற்கும், அதனால் கரண்ட் போனாலும் அந்த மேட்ச்சையாவது முடித்துவிடலாம். அம்மாவின் போனில் வோல்டீ, அதாவது 4ஜி வழியாகவே கோல் பேசும் வசதி, இருக்கிறதா என்றும் பாருங்கள். அது இல்லாத போனில் கோல் வந்தால் இணைப்பு 4ஜியில் இருந்து இறங்கிவிடும், உங்கள் டேட்டா அறுவது அதனால்தான். செட்டிங்கில் ஓன் பண்ணக் கிடைத்தால் பண்ணுங்கள், கிடைக்காவிட்டால் தனி சிம் ஒன்றுக்கு வழி பாருங்கள். அம்மாவின் போனுக்கு அம்மாவின் கோல் வருவதைக் குற்றம் சொல்ல முடியாது.

ஒழுங்காக வெளியேறுவது எப்படி என்று கேட்டீர்கள். என் அனுபவத்தில் வெளியேறுவதை நுழைவதற்கு முன்பே யோசிக்க வேண்டும். இரண்டு கேமிலும் 13 ரவுண்ட் முதலில் எடுப்பவர் வெல்வார். 12க்கு 12 வந்தால் வலோரன்டில் இரண்டு ரவுண்ட் முந்தும் வரைக்கும் இழுபடும். ஒரு மேட்ச் நாற்பது நிமிடம் என்று வைத்துக்கொள்ளுங்கள், இழுத்தால் ஒரு மணித்தியாலம். ஒன்பதரைக்குச் சாப்பிடக் கூப்பிடுவார்கள் என்று தெரிந்துகொண்டே ஒன்பதுக்குத் தொடங்குகிறவன், சாப்பாடு வரும் முன்னே பாதி வெளியேறிவிட்டான். நேரம் குறைவு என்றால் வலோரன்டின் குறுகிய ஆட்டமான ஸ்விப்ட்பிளே ஆடலாம், 5 ரவுண்ட் முதலில் எடுப்பவர் வெல்வார். அதுவும் சரிவராது என்றால் பயிற்சிக்கான ரேஞ்சில் போய் பொம்மைகளைச் சுட்டுக்கொண்டிருங்கள், எப்போது எழுந்தாலும் கேட்பாரில்லை.

எல்லாம் பார்த்துத் தொடங்கியும் நடுவில் போக வேண்டி வரும். தாத்தாவுக்கு மூச்சு வாங்குகிறது, பக்கத்து லயத்தில் ஒரு சாவு, யாரோ கதவைத் தட்டுகிறார்கள். உயிர் விஷயம் என்றால் அந்த நொடியே எழும்புங்கள், மேட்ச்சை நினைக்கவே வேண்டாம். ஒரு ரவுண்ட் பொறுக்கலாம் என்றால் பொறுத்து, அந்த ரவுண்டை முடியுங்கள். அடுத்த ரவுண்டின் தொடக்கத்தில், ஆயுதம் வாங்கும் நேரத்தில், கையில் உள்ள நல்ல துப்பாக்கியை ஜி கீயை அமத்திக் கீழே போடுங்கள், அணியின் வெடிகுண்டு உங்களிடம் இருந்தால் அதையும் இன்னொருவரிடம் கொடுங்கள். “வீட்டில் அவசரம், போறன், சொறி” என்று ஒரு வரி போதும், கதை வேண்டாம். ஆட்டம் எப்படியும் கைவிட்டுப் போய்விட்டது என்றால், வலோரன்டில் 5ஆம் ரவுண்டில் இருந்து சரணடைய வாக்கெடுப்பு கேட்கலாம். மற்றவர்களும் ஒப்புக்கொண்டால் ஐந்து பேரும் சேர்ந்து வெளியேறுவீர்கள், தண்டனை கிடையாது. தொடக்கத்திலேயே ஒருவர் வரவில்லை என்றால் 2ஆம் ரவுண்டில் ரீமேக் கேட்டு ஆட்டத்தை ரத்துச் செய்யலாம், வராதவருக்கு மட்டும் அடி விழும். இது எதுவும் இல்லாவிட்டால் எஸ்கேப் அமத்தி மெனு வழியாகப் போங்கள். திரும்பி வர முடியுமானால் வாருங்கள், ரீகனெக்ட் பட்டன் அதற்குத்தான் இருக்கிறது. கவுண்டர் ஸ்ட்ரைக்கில் சில நிமிடத்துக்குள் வந்துவிட வேண்டும்.

தோட்டத்தில் பறித்த கொழுந்து கிலோ குறைந்தால் அரைநாள் சம்பளமான அரைப்பேராவது போடுவார்கள். இங்கே 20 ரவுண்ட் உயிரைக் கொடுத்து ஆடிவிட்டு எழுந்தாலும் முழுத் தோல்விதான். போகாமல், தண்டனைக்குப் பயந்து தொடக்க இடத்திலேயே சுவரைப் பார்த்துக்கொண்டு நிற்பவர்களும் இருக்கிறார்கள். போகிறவனை விட அவர்கள்மேல்தான் எனக்குக் கோபம் அதிகம்.

இனி “தோட்டக்காட்டான்” என்று மலையகத் தமிழரை இழிவாகச் சொல்லும் அந்தச் சொல்லுக்கு வருகிறேன். கடிதத்தில் அதை நடுவில் ஒளித்து எழுதியிருக்கிறீர்கள். எழுதத் தூண்டியது அதுதான் என்று நினைக்கிறேன்.

1948இல் ஒரு சட்டத்தால் மலையகத் தமிழரான நம்மவர்களின் குடியுரிமையைப் பறித்தார்கள். 2023இல், நம்மவர்கள் இந்தியாவில் இருந்து தோட்ட வேலைக்கு வந்து 200 வருடமானதை நினைத்துத் தலைமன்னாரில் இருந்து மாத்தளை வரைக்கும் நடந்தோம். இத்தனைக்கும் பிறகு தமிழிலேயே பேசுகிற ஒருவன், அதுவும் உங்கள் அணியில் இருப்பவன், ஹெட்செட் மாட்டிக்கொண்டு அதைச் சொல்கிறான் என்றால் வலிக்காமல் இருக்காது. நீங்கள் எழுந்து போனதை நான் பிழை என்று சொல்ல மாட்டேன். ஆனால் நடந்ததைப் பாருங்கள். சொன்னவன் உள்ளே இருந்தான். கேட்டவன் வெளியே போய்த் தடையும் வாங்கினான். ஒன்றுமே சொல்லாத மற்ற மூவரும் தோற்றார்கள்.

தனியாக அவனை வெளியேற்ற உங்களால் முடியாது, அவன் குரலை வெளியேற்றலாம். வலோரன்டில் எஸ்கேப் அமத்தினால் மேட்ச் பக்கத்தில் ஒவ்வொருவரின் பெயருக்கு நேரே குரலையும் எழுத்தையும் மூடும் வசதி இருக்கிறது. கவுண்டர் ஸ்ட்ரைக்கில் டேப் அமத்தி வரும் பட்டியலில் மூடலாம். பதில் சொல்லாமல் மூடுங்கள். நீங்கள் பதிலுக்குத் திட்டினால் அவனும் உங்களை ரிப்போர்ட் பண்ணுவான், இரண்டும் ஒரே தட்டில் போய் விழும். எதிரி எங்கே என்று காட்ட வரைபடத்தில் பிங் அடித்தால் போதும், பேச்சில்லாமலே ஆடலாம். முடிந்ததும் ரிப்போர்ட் பண்ணுங்கள், என்ன சொன்னான் என்பதையும் எழுதுங்கள். அடுத்த தடவை யாராவது ஊர் கேட்டால் தலவாக்கலை என்றே சொல்லுங்கள். கொழும்பு என்று சொல்லிப் பழகிவிட்டால் பிறகு அதை மாற்றுவது கஷ்டம்.

மூடியும் மனம் கொதிக்கிறது, கை நடுங்குகிறது என்றால் போய்விடுங்கள். அன்றைக்கு வரும் தடையை நிம்மதிக்குக் கட்டிய காசு என்று வைத்துக்கொள்ளலாம். அது அடிக்கடி நடக்காத வரைக்கும் எனக்கு ஆட்சேபணை இல்லை.

கடைசியாக, ஒரேயடியாக விடுவது. பரீட்சை முடியும் வரைக்கும் விடுவது நல்ல யோசனை என்றே நினைக்கிறேன். உயர்தரத்துக்கு மூன்று தடவைதான், உங்களுக்கு இது இரண்டாவது. கணக்கை அழிக்க வேண்டியதில்லை, கேமை லெப்டொப்பில் இருந்து நீக்கினால் போதும். வலோரன்டை நீக்கினாலும் அதோடு வரும் ஏமாற்றுத் தடுப்பு மென்பொருளான வான்கார்ட் தனியாக நிற்கும், அதையும் பட்டியலில் தேடி நீக்குங்கள். தோற்ற இரவில் நீக்க வேண்டாம், மறுநாள் காலை திரும்ப இறக்குவீர்கள், அம்மாவின் டேட்டாதான் கரையும்.

அதற்கு முன் கூட்டாளிமாரிடம் சொல்லிவிடுங்கள். வலோரன்ட் ரேங்க் மேட்ச்சுக்குத் தனியாகப் போகலாம், இரண்டு பேராக, மூன்று பேராக, ஐந்து பேராகப் போகலாம். நாலு பேராகப் போக விடமாட்டார்கள். நீங்கள் சொல்லாமல் நின்றுவிட்டால் அன்றைக்கு இரவு மிச்ச நாலு பேரில் ஒருவனை வெளியே இருத்த வேண்டிவரும். ஐந்தாவது ஆளைத் தேட அவர்களுக்கு ஒரு கிழமையாவது கொடுங்கள்.