1954 காட்ஸில்லா 4கே டிஸ்க்கில்: வேலூர் நண்பர்களின் கேள்விகளும் பதில்களும்

இஷிரோ ஹோண்டா இயக்கிய முதல் காட்ஸில்லா, அதாவது கடலிலிருந்து வரும் ராட்சத மிருகம் நகரை அழிக்கும் ஜப்பானியப் படம், சீரமைத்த 4கே (மிகத் துல்லியமான படம் தரும்) டிஸ்க்காக இப்போது கிடைக்கிறது. நம் பக்கத்து நண்பர்கள் கேட்டவற்றுக்கு இங்கே பதில் சொல்கிறேன்.

காட்பாடி நண்பர்: அண்ணா, 4கே என்றார்கள். படம் முழுக்கப் புள்ளி புள்ளியாக இருக்கிறதே, டிஸ்க் கோளாறா?

இல்லை தம்பி, அது கிரெய்ன். கருப்பு வெள்ளை ஃபிலிமில் உருவமே வெள்ளித் துகள்களால் ஆனதுதான். அதைத் துடைத்தால் முகத்தின் சுருக்கமும் புகையும் சேர்ந்தே போய்விடும். கீறல், தூசி, மினுக்கல் இவற்றை எடுப்பதுதான் நல்ல சீரமைப்பு. டிவியில் புள்ளிகளைத் துடைக்கும் நாய்ஸ் ரிடக்ஷனையும், அசைவை வழவழப்பாக்கும் மோஷன் ஸ்மூத்திங்கையும் அணைத்துவிடுங்கள். இரண்டு பக்கமும் வரும் கருப்புப் பட்டையை மறைக்க ஜூம் பண்ணாதீர்கள், தலையும் காலும் வெட்டுப்படும்.

ராணிப்பேட்டை நண்பர்: விமானத்தைக் கட்டிய கம்பி தெரிகிறது. இவ்வளவு தெளிவு இருந்தால் பயம் எங்கே சார் வரும்?

கம்பி தெரிவது உண்மைதான். கதையில் வரும் ஓடோ தீவில் மலைக்குப் பின்னாலிருந்து எட்டிப் பார்க்கும் காட்ஸில்லா கைப்பொம்மை என்பதும் தெரியும். ஆனால் அந்தப் படத்தின் பயம் பொம்மையில் இல்லை. நகரம் எரியும்போது ஒரு தாய் பிள்ளைகளை அணைத்துக்கொண்டு, சீக்கிரம் அப்பாவிடம் போய்விடுவோம் என்கிறாள். ஆஸ்பத்திரியில் ஒரு குழந்தையிடம் கதிர்வீச்சுக் கருவியைக் கொண்டுபோய்ப் பார்த்துவிட்டு, விஞ்ஞானி தலையை ஆட்டுகிறார். அந்த முகங்களைத் தெளிவாகப் பார்க்கத்தான் இந்த டிஸ்க்கை வாங்கச் சொல்கிறேன்.

அந்தப் பயத்துக்குப் பின்னால் நிஜம் இருக்கிறது. 1954 மார்ச் 1 அன்று பசிபிக் கடலின் பிகினித் தீவில் அமெரிக்கா வெடித்த ஹைட்ரஜன் குண்டின் கதிர்வீச்சுச் சாம்பல், லக்கி டிராகன் 5 என்ற ஜப்பானிய மீன்பிடிப் படகில் இருந்த 23 பேர் மேலும் விழுந்தது. படகின் ரேடியோ ஆபரேட்டர் ஐகிச்சி குபோயாமா செப்டம்பரில் இறந்துபோனார். படம் வெளிவந்தது நவம்பர் 3. கடலில் திடீர் வெளிச்சம் வந்து கப்பல் பற்றி எரிவதில் கதை தொடங்குகிறது. அன்று தியேட்டரில் உட்கார்ந்திருந்தவர்களுக்கு அது என்ன வெளிச்சம் என்று யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

ஆம்பூர் தோல் தொழிற்சாலை நண்பர்: காட்ஸில்லாவின் அந்த உறுமலை எந்த மிருகத்திடமிருந்து எடுத்தார்கள்?

மிருகமே இல்லை, உங்கள் சரக்குதான்! இசையமைப்பாளர் அகிரா இஃபுகுபே டபுள் பாஸ் என்ற பெரிய நரம்பு வாத்தியத்தின் நரம்பைத் தளர்த்தி, பிசின் தடவிய தோல் கையுறையால் இழுக்க வைத்தார். பிறகு பதிவின் வேகத்தைக் குறைத்தார்கள். வெறும் தோல் வழுக்கிவிடும். பிசின் பிடித்துப் பிடித்து விடுவதால்தான் அந்தக் கரகரப்பு.

செய்யாறு நண்பர்: காட்ஸில்லா உடைக்குள்ளே ஆள் என்று தெரிந்த பிறகு சப்பென்று ஆகிவிடுகிறதே?

எனக்கு அங்கேதான் மரியாதை கூடுகிறது. உள்ளே இருந்தவர் ஹருவோ நகாஜிமா. உடை ஏறக்குறைய 100 கிலோ, தடித்த ரப்பர், மேலே ஸ்டுடியோ விளக்குகளின் சூடு. தந்திரக் காட்சிகளை இயக்கிய எய்ஜி சுபுராயா கேமராவை வேகமாக ஓடவிட்டு எடுத்ததால் திரையில் ஒவ்வொரு அடியும் மெதுவாக, கனமாக விழுகிறது. புரிசைப் பக்கம் கிரீடமும் புஜகீர்த்தியும் கட்டி விடிய விடிய ஆடும் கூத்துக்காரரைப் பார்த்து வளர்ந்தவர் நீங்கள். உள்ளே ஆள் இருப்பது தெரிந்தேதானே துரியோதனனை நம்பினோம்?

குடியாத்தம் நண்பர்: வெளிநாட்டு டிஸ்க் நம் பிளேயரில் ஓடுமா?

4கே டிஸ்க்குக்கு ரீஜன் பூட்டு (ஒரு பகுதி நாடுகளின் பிளேயரில் மட்டும் ஓடும் கட்டுப்பாடு) கிடையாது, 4கே பிளேயர் இருந்தால் போதும். கூடவே சாதா ப்ளூரே வந்தால் அட்டையைப் பாருங்கள். அமெரிக்காவும் ஜப்பானும் ஏ ரீஜன், நாம் சி.

ஆரணி நண்பர்: ஆங்கிலப் பதிப்பைப் பார்த்தால் போதாதா?

போதாது. 1956இல் அமெரிக்காவில் ரேமண்ட் பர் நடித்த காட்சிகளைச் சேர்த்து, நிறைய வெட்டிவிட்டார்கள். நாகசாகியில் பிழைத்து வந்ததை ஒரு பெண் ரயிலில் சொல்லும் இடமும் அதில் போய்விட்டது. ஜப்பானிய மூலம் 96 நிமிடம்தான், சப்டைட்டிலோடு அதையே பாருங்கள்.

சத்துவாச்சாரி சகோதரி: ஏழு வயதுப் பையனுக்குக் காட்டலாமா?

இப்போது வேண்டாம்மா. ஆஸ்பத்திரிக் காட்சி அவனைப் படுத்திவிடும். பத்துப் பன்னிரண்டு வயதானதும் பக்கத்தில் உட்கார்ந்து காட்டுங்கள், நிறையக் கேள்வி கேட்பான்.