நான்கு தலையான புண்ணியங்கள் ஏழு பாவங்களுக்கு எதிரானவையா?

கேள்வி இது: மத்தியகாலக் கிறிஸ்தவ சிந்தனையில் தலையான பாவங்கள் ஏழு, தலையான புண்ணியங்கள் நான்கு என்கிறார்கள். நான்கு எப்படி ஏழுக்கு எதிராக நிற்கும்?

நிற்காது. இரண்டும் வேறு வேறு கணக்கு. எனக்கும் இந்தக் குழப்பம் வெகுநாள் இருந்தது. காரணம் ஞானோபதேச வகுப்பு. "அகங்காரத்துக்கு எதிராகத் தாழ்ச்சி, போசனப்பிரியத்துக்கு எதிராக மட்டசனம்" என்று ஏழையும் ராகம் போட்டு ஒப்பிப்போம். மட்டசனம் என்றால் என்னவென்று கல்லூரிக்குப் போகும்வரை எனக்குத் தெரியாது. மட்டு, அசனம் இரண்டும் சேர்ந்த சொல். அளவான சாப்பாடு, அவ்வளவுதான். நான் அதை ஏதோ மட்டமான ஜனம் என்று நினைத்திருந்தேன்.

அந்த ஏழு பாவங்கள் எகிப்தின் பாலைவனத் துறவிகளிடமிருந்து வந்தவை. 4ஆம் நூற்றாண்டில் எவாக்ரியுஸ் என்ற துறவி, தனியே தவம் செய்பவனை அலைக்கழிக்கும் எட்டு எண்ணங்களை வரிசைப்படுத்தினார். பெருமை பெற்ற திருத்தந்தை முதலாம் கிரகோரி 6ஆம் நூற்றாண்டின் இறுதியில் அதை ஏழாக்கினார். துறவி தன் மனதைக் காவல் காக்கப் போட்ட பட்டியல் அது.

நான்கு புண்ணியங்களின் பூர்வீகமோ கிரேக்க நகரம். நல்ல நகரத்துக்கு என்ன வேண்டும் என்று கேட்டு, பிளேட்டோ ஞானம், வீரம், தன்னடக்கம், நீதி என்று நான்கைச் சொன்னார். முதல் மூன்றையும் நான் கீழே விவேகம், துணிவு, அளவறிதல் என்கிறேன். ஸ்தோயிக்கர்கள் என்ற கிரேக்கத் தத்துவப் பள்ளியார் வழியாக அது ரோமானியப் பேச்சாளரும் எழுத்தாளருமான சிசரோவிடம் வந்தது. விவிலியத்தில் இந்த நான்கும் ஒன்றாக வரும் இடம் சாலமோனின் ஞானம் 8:7. அந்த நூல் கத்தோலிக்க விவிலியத்தில் இருக்கிறது. சீர்திருத்த சபை நண்பர்கள் தங்கள் வேதாகமத்தில் தேடினால் கிடைக்காது.

இவற்றுக்கு 'கார்தினாலெஸ்' (தலையான) என்ற லத்தீன் அடைமொழியைச் சூட்டியவர் மிலான் ஆயர் அம்புரோஸ். ஆயராவதற்கு முன் ரோமப் பேரரசில் ஒரு மாகாண ஆளுநராக இருந்தவர், சிசரோவைக் கரைத்துக் குடித்தவர். 'கார்தோ' என்றால் கதவு சுழலும் முளை. கீல் என்று மொழிபெயர்க்கிறார்கள். பழைய வீட்டுக் கதவுகளில் மேலும் கீழும் குடுமி இருக்குமே, நிலைக்குழியில் உட்கார்ந்து சுழலுமே, ரோமானியர் சொன்னது அதைத்தான். மற்ற நற்பண்புகள் எல்லாம் கதவுப் பலகை. இந்த நான்கும் குடுமி. (கர்தினால்மார் என்கிறோமே, அந்தப் பட்டத்துக்கும் வேர் இதே சொல்தான்.)

அம்புரோசிடம் ஞானஸ்நானம் பெற்ற அகுஸ்தினார் நான்கையும் அன்பு என்ற ஒரே சரட்டில் கோத்தார். கடவுளுக்காக எதையும் தாங்கும் அன்பு துணிவு, எது அவரிடம் கொண்டுசேர்க்கும், எது தடுக்கும் என்று பிரித்தறியும் அன்பு விவேகம் என்று போகிறது அவர் விளக்கம். அழகுதான். ஆனால் எனக்கு நெருக்கமானவர் தோமா அக்குவினாஸ். 1271, 72 வாக்கில் பாரிசில் இருந்தபோது அவர் தன் இறையியல் பெருநூலில் இந்த நான்குக்கு ஒதுக்கிய கேள்விகள் 124. அதில் நீதிக்கு மட்டும் 66. பசியால் சாகக் கிடப்பவன் அடுத்தவன் உணவை எடுத்தால் அது திருட்டாகாது என்று அவர் சொல்வது அந்தப் பகுதியில்தான்.

துணிவைப் பற்றி அவர் சொன்னதைப் படித்தபோது நான் புத்தகத்தை மூடி வைத்துவிட்டு எழுந்து நடந்தேன். துணிவின் தலையான செயல் பாய்ந்து தாக்குவது அல்ல, நின்று தாங்குவது என்கிறார். அதுதான் கடினம் என்பதற்கு மூன்று காரணங்கள். தாக்குபவன் தன்னைப் பலசாலியாக எண்ணிக்கொண்டு போகிறான். தாங்குபவனுக்கு எதிரே நிற்பது தன்னைவிடப் பலமானது. தாக்குபவனுக்கு ஆபத்து இனிமேல் வரப்போவது. தாங்குபவனுக்கு அது இப்போதே மேலே விழுந்துகொண்டிருப்பது. பாய்ச்சல் ஒரு நொடியில் முடியும், தாங்குவதற்கு நாட்கணக்கு. அம்மா படுக்கையில் கிடந்த மூன்று வருடமும் நான் வேலைக்கு வெளியூர் போகாமல் வீட்டில் இருந்ததை ஒரு உறவினர் "பயந்தாங்கொள்ளி" என்றார். அவருக்கு அப்போது பதில் சொல்லத் தெரியவில்லை. 13ஆம் நூற்றாண்டுச் சாமியார் ஒருவர் எனக்காகச் சொல்லி வைத்திருந்தார்.

சரி, மட்டசனத்துக்கு வருவோம். நான்கில் ஒன்றான தன்னடக்கத்துக்கு, லத்தீனில் தெம்பெரான்சியா, அந்தச் சொல்லைப் போட்டால் குறுகிவிடும். 'அளவறிதல்' எனக்குப் பிடித்த சொல். உணவு, குடி, காமம் அதில் அடக்கம். கோபமும், ஆடையும், விளையாட்டும்கூட அதில்தான் வருகின்றன. உடம்பு கெடும் அளவுக்கு ஒருவன் வேண்டுமென்றே திராட்சை ரசத்தைத் தவிர்த்தால் அவன் குற்றமற்றவன் அல்லன் என்கிறார் தோமா. அதைவிட வேடிக்கை, தானும் சிரிக்காமல் அடுத்தவர் சிரிப்பையும் கெடுக்கும் உர்ரென்ற ஆளையும் தவறு செய்பவன் என்கிறார். எங்கள் உபதேசியாருக்கு இது தெரிந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

விவேகம்தான் நான்கில் முதலாவது, மற்ற மூன்றுக்கும் வழிகாட்டி. இன்று அதைச் சொன்னால் 'உஷாரான ஆள்' என்று தோன்றுகிறது. தோமா அந்தத் தந்திர புத்தியைத் தனியே பிரித்து, விவேகத்தின் வேடம் போட்ட பாவம் என்கிறார். அவருடைய விவேகத்துக்கு எட்டு உறுப்புகள். அவற்றுள் நினைவாற்றலும் உண்டு, பிறர் சொல்வதைக் கேட்டுக்கொள்ளும் மனமும் உண்டு.

அப்புறம், உங்கள் எண் குழப்பத்துக்கு. நான்கோடு விசுவாசம், நம்பிக்கை, தேவசிநேகம் மூன்றையும் சேர்த்து மத்தியகாலத்தார் ஏழாக்கினார்கள். இத்தாலியின் பதுவா நகரில் ஸ்க்ரொவேஞ்ஞி சிற்றாலயத்தில் 1305 வாக்கில் ஓவியர் ஜோத்தோ அந்த ஏழையும் ஒரு சுவரில் வரைந்து, எதிர்ச் சுவரில் ஏழு தீமைகளை நிறுத்தினார். நான் படங்களில் பார்த்ததுதான். ஆனால் அவை நாம் ஒப்பித்த ஏழு பாவங்கள் அல்ல. அங்கே போசனப்பிரியம் இல்லை, சோம்பல் இல்லை. விவேகத்துக்கு எதிரே மடமை, நீதிக்கு எதிரே அநீதி. துணிவு ஒரு பெரிய கேடயத்தின் பின்னால் நிற்கிறாள். கேடயத்தில் ஈட்டி முனைகள் குத்தி நிற்கின்றன. அவளுக்கு எதிரே கோழைத்தனம் இருக்கும் என்று எதிர்பார்ப்போம், இல்லை. உருளும் சக்கரத்தின் மேல் நிற்க முடியாமல் சறுக்கும் நிலையின்மை. அளவறிதலின் வாயில் குதிரைக்குப் போடுவது போன்ற கடிவாளம், கையில் உறையோடு வாரால் சுற்றிக் கட்டிய வாள். எதிர்ச் சுவரில் அவளுக்கு நேரே கோபம், தன் மார்பின் ஆடையைத் தானே கிழித்துக்கொண்டு நிற்கிறாள்.