அக்ராய்ட் எந்த ஊர்ப் பெயர்?

கேள்வி: ஐயா, நான் திருச்சி பொன்மலையில் வளர்ந்தவள். என் பாட்டியின் பிறந்த வீட்டுக் குடும்பப் பெயர் அக்ராய்ட். பாட்டியின் தாத்தா இங்கிலாந்திலிருந்து ரயில்வே ஃபிட்டராக வந்தவர் என்று வீட்டில் சொல்வார்கள். கையில் இருப்பது ஒரே ஒரு காகிதம்: பாட்டியின் அப்பாவுக்கு 1906-ல் நாகப்பட்டினத்தில் ஞானஸ்நானம் கொடுத்ததற்கான சான்றிதழ். பொன்மலைக் குடும்பத்துக்கு நாகப்பட்டினத்தில் என்ன வேலை என்று புரியவில்லை. இணையத்தில் ஒரு கடையில் இந்தப் பெயருக்கான 'குடும்பச் சின்னம்' வாங்கினோம். 1066-ல் வில்லியம் மன்னரோடு வந்த வீரரின் வம்சம் என்று அதில் போட்டிருக்கிறது. தொழிற்சங்கத்தில் இருந்த என் அப்பாவோ, சம்பளக் கணக்கில் வரும் 'அக்ராய்ட் ஃபார்முலா'காரரும் நமக்குச் சொந்தம்தான் என்பார். எது உண்மை? எவ்வளவு தூரம் பின்னால் போக முடியும்?

பதில்: சின்னத்தை முதலில் முடித்துவிடுவோம். கொடுத்த பணம் போனது போகட்டும், அதைச் சுவரில் மட்டும் மாட்டாதீர்கள். இங்கிலாந்தில் குலச்சின்னம் ஆளுக்குத்தான் வழங்கப்படும், பெயருக்கு அல்ல. இதைக் கவனிக்கவென்றே லண்டனில் காலேஜ் ஆஃப் ஆர்ம்ஸ் என்ற அமைப்பு 1484-லிருந்து இருக்கிறது. யாரோ ஓர் அக்ராய்டுக்குச் சின்னம் கிடைத்திருந்தால், அது அவருக்கும் அவருடைய நேர் வாரிசுகளுக்கும்தான். அதே பெயர் இருக்கிறது என்பதற்காக மற்றவர்கள் எடுத்துக்கொள்ள முடியாது.

1066 கதையைத் தூக்கிப்போட ஆவணம்கூட வேண்டாம், பெயரே போதும். வில்லியமோடு வந்தவர்கள் பிரெஞ்சு பேசிய நார்மண்டிக்காரர்கள். அக்ராய்டோ அக்மார்க் வட இங்கிலாந்துப் பெயர். முதல் பாதி, பழைய ஆங்கிலத்தில் ஓக் மரத்தைக் குறிக்கும் சொல். பின்பாதியான 'ராய்ட்', காடு வெட்டித் திருத்திய நிலம். ஓக் மரங்களை வெட்டித் திருத்திய இடம், அல்லது ஓக் மரம் நின்ற திருத்து நிலம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இந்த 'ராய்ட்' எனக்கு மிகவும் பிடித்த துப்பு. ஓர் ஊர்ப் பெயர் 'பாக்கம்' என்று முடிந்தால் தொண்டை மண்டலத்துப் பக்கம் என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்வோம் அல்லவா? அதுபோலத்தான். யார்க்‌ஷயரின் மேற்குப் பகுதியில், கால்டர் ஆறு ஓடும் மலைப் பள்ளத்தாக்குகளில், ஹாலிஃபாக்ஸ் நகரைச் சுற்றி இந்த முடிவு கொட்டிக் கிடக்கிறது. ஹோல்ராய்ட், பூத்ராய்ட், லீராய்ட், மர்கட்ராய்ட் எல்லாம் அந்த வட்டாரத்துப் பெயர்கள். மர்கட்ராய்ட் என்றால் மார்கரெட் என்ற பெண்ணின் திருத்து நிலம். கவிஞர் டெட் ஹ்யூஸ் பிறந்த மைதம்ராய்ட் இந்தப் பள்ளத்தாக்கில்தான் இருக்கிறது. உங்கள் பெயருக்கு மூலமான இடமும் அங்கேயே, ஹெப்டன்ஸ்டால் என்ற மலைக் கிராமத்தின் பக்கம் இருந்தது.

ஒரு பண்ணையின் பெயர் எப்படிக் குடும்பப் பெயர் ஆனது? நமக்கு இனிஷியல் தலைமுறைக்குத் தலைமுறை மாறுவதுபோல அவர்களுக்கும் ஒரு காலத்தில் மாறிக்கொண்டுதான் இருந்தது. ராபர்ட்டின் மகன் ஜான், ஜானின் மகன் வில்லியம் என்று. செம்மங்குடி, அரியக்குடி என்று ஊரை முன்னால் வைத்து ஆளைச் சொல்வதுபோல 'அக்ராய்டில் இருக்கிற ஜான்' என்றும் எழுதினார்கள். ஏறக்குறைய 1200-க்கும் 1400-க்கும் இடையில் இந்த ஒட்டுப்பெயர் அப்பாவிடமிருந்து பிள்ளைக்கு இறங்கி நிலைத்துவிட்டது. தெற்கில் சீக்கிரம், வடக்கில் கொஞ்சம் தாமதம். அந்த வட்டாரத்துக்கு 1379-ல் தலைவரி வசூலித்த பட்டியல் நன்றாகவே பிழைத்திருக்கிறது. வேக்ஃபீல்ட் பண்ணையத்தின் நீதிமன்றச் சுருள்களோ 1274-லிருந்து கிடைக்கின்றன. யாருடைய மாடு யாருடைய வயலில் மேய்ந்தது, யார் அனுமதியில்லாமல் மரம் வெட்டினார் என்பது வரைக்கும் லத்தீனில் எழுதி வைத்திருக்கிறார்கள்.

இவ்வளவு படித்ததும் 1379-லிருந்து கீழே இறங்கி வந்தால் என்ன என்று கை துறுதுறுக்கும். அதைத்தான் செய்யக்கூடாது. பெயரைப் பிடித்துக்கொண்டு மேலிருந்து வராதீர்கள், ஆளைப் பிடித்துக்கொண்டு கீழிருந்து போங்கள். அந்தப் பெயருள்ளவர்கள் எந்தப் பள்ளத்தாக்கில் தோன்றினார்கள் என்பதைத்தான் பெயர் சொல்லும். நீங்கள் அவர்களில் யார் என்பதைக் காகிதம்தான் சொல்ல வேண்டும். ஹாலிஃபாக்ஸில் கம்பளி ஆலை நடத்தி, தொழிலாளர்களுக்காக அக்ராய்டன் என்ற குடியிருப்பையே கட்டிய எட்வர்ட் அக்ராய்ட் என்ற பெரிய முதலாளி இருந்தார். இணையத்தில் கிடைக்கும் வம்சவரைபடங்களைப் பார்த்தால் பலருக்கும் அவர்தான் முன்னோராக இருக்கத் தோதாகத் தெரிகிறார். பள்ளத்தாக்கில் தறி நெய்துகொண்டு கிடந்த மற்ற அக்ராய்டுகளுக்கு வாரிசே இல்லை போலும்!

சரி, உங்கள் காகிதத்துக்கு வருவோம். நாகப்பட்டினம் தவறே இல்லை. அது நமக்கு நல்ல செய்தி. தென்னிந்திய ரயில்வேயின் பணிமனை முதலில் நாகப்பட்டினத்தில்தான் இருந்தது. பொன்மலைக்கு அதை மாற்றியது 1920-களின் பிற்பகுதியில். 1906-ல் ஒரு ரயில்வே ஃபிட்டரின் குழந்தைக்கு நாகப்பட்டினத்தில் ஞானஸ்நானம் நடந்திருந்தால் வீட்டுக் கதையும் காகிதமும் ஒன்றுக்கொன்று பொருந்துகின்றன. பொன்மலைத் தேவாலயத்தில் தேடி நேரத்தை வீணாக்காதீர்கள்.

இன்னொன்றும் கவனியுங்கள். பாட்டியின் தாத்தா என்றால், அந்தச் சான்றிதழில் 'தகப்பன்' என்ற கட்டத்தில் இருப்பவரேதான். பக்கத்திலேயே வசிப்பிடம், தொழில் என்ற கட்டங்களும் இருக்கும். தொழில் கட்டத்தில் 'ஃபிட்டர்' என்று இருந்தால், வந்தவர் இவராக இருக்கலாம். ஆனால் வீட்டுக் கதைகளில் ஒரு தலைமுறை காணாமல் போவது சகஜம். இவரே இந்தியாவில் பிறந்தவராகவும் கப்பலேறி வந்தவர் இவருடைய அப்பாவாகவும் இருந்துவிடலாம். அதனால் இங்கிலாந்துக்குத் தாவுவதற்கு முன் இவருடைய திருமணப் பதிவைத் தேடுங்கள், 1906-லிருந்து பின்னோக்கி ஒவ்வோர் ஆண்டாக. அதில் மணமகனின் வயதும் பெரும்பாலும் அவருடைய அப்பாவின் பெயரும் இருக்கும்.

அந்தப் பதிவேட்டைக் கரையான் அரித்திருந்தாலும் கவலை வேண்டாம். இங்கிருந்த பாதிரிமார்கள் ஞானஸ்நானம், திருமணம், அடக்கம் மூன்றுக்கும் நகல் எடுத்து மாகாணத் தலைநகருக்கு அனுப்ப, அது லண்டன் வரை போயிற்று. சென்னை மாகாணத்துக்கு 1698-லிருந்து வரும் நகல்கள் இப்போது பிரிட்டிஷ் நூலகத்தில் இருக்கின்றன. அவற்றின் படங்களைக் கட்டணத் தளமான ஃபைண்ட்மைபாஸ்டில் பார்க்கலாம். அதற்கு முன் ஃபிபிஸ் என்ற பிரிட்டிஷ் இந்தியக் குடும்பங்கள் சங்கத்தின் தேடல் பக்கத்தை ஒருமுறை தட்டிப்பாருங்கள், அது இலவசம். குடும்பம் கத்தோலிக்கம் என்றால் மட்டும் லண்டன் நகலை நம்பியிருக்க முடியாது. நாகப்பட்டினத்துப் பங்குக் கோயிலிலேயே கேளுங்கள்.

தேடும்போது எழுத்துக்கூட்டலில் பிடிவாதம் பிடிக்காதீர்கள். அக்ராய்டை ஆங்கிலத்தில் 'சி' போட்டும் எழுதினார்கள், போடாமலும் எழுதினார்கள். நடுவில் 'ஒய்' நுழைந்து அய்க்ராய்ட் ஆனது. 'இ'-யில் தொடங்கி எக்ராய்ட் என்று ஆனவர்களும் உண்டு. அண்ணன் ஒரு விதமாகவும் தம்பி வேறு விதமாகவும் எழுதிக்கொண்ட காலம் அது, எழுதத் தெரியாதவர் எழுதுபவரிடம் விட்டுவிட்டார். போதாததற்குப் பழைய கையெழுத்தைப் பார்த்து இன்று அட்டவணை போடுகிறவர்கள் 'கே'-யை 'எச்' என்று படித்துவிடுகிறார்கள். சந்தேகமான எழுத்துக்குப் பதிலாக நட்சத்திரக் குறி போட்டுத் தேடுங்கள்.

திருமணப் பதிவில் அவர் இங்கிலாந்தில் பிறந்தவர் என்று உறுதியானால் வேலை சுலபம். 1906-ல் அப்பா ஆனவர் 1881 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் பெரும்பாலும் அம்மா மடியிலோ பள்ளியிலோ இருந்திருப்பார். அந்த 1881 கணக்கெடுப்பு முழுவதையும் தன்னார்வலர்கள் படியெடுத்திருக்கிறார்கள், ஃபேமிலிசர்ச் தளத்தில் காசில்லாமல் பார்க்கலாம். ஒரு வீட்டின் மொத்தக் குடும்பமும் வரிசையாக வரும்: பெயர், குடும்பத் தலைவருக்கு என்ன உறவு, வயது, தொழில், பிறந்த ஊர். அந்தக் கடைசிக் கட்டம்தான் பொன். அப்பா எந்த ஊரில் பிறந்தார் என்று தெரிந்துவிட்டால் அடுத்த படி தானாக வரும். பத்துப் பத்து ஆண்டாக 1851 வரை இப்படியே போகலாம். 1841-ல் கொஞ்சம் உஷார். அதுதான் எல்லோருடைய பெயரையும் எழுதிய முதல் கணக்கெடுப்பு, ஆனால் பதினைந்துக்கு மேற்பட்டவர்களின் வயதை ஐந்தின் மடங்காகக் கீழே இறக்கி எழுதச் சொல்லியிருந்தார்கள். 39 வயதுக்காரர் 35 ஆகிவிடுவார். அதை அப்படியே நம்பிப் பிறந்த ஆண்டைக் கணக்குப் போட்டால் வேறு ஆளிடம் போய் நிற்பீர்கள்.

கணக்கெடுப்போடு கூடவே பிறப்பு, இறப்பு, திருமணச் சான்றிதழ்கள். இங்கிலாந்தில் அரசுப் பதிவு 1837 ஜூலை 1-ல் தொடங்கியது. பதிவு அலுவலகத்தின் பிறப்பு அட்டவணையில் குழந்தையின் தாய் எந்தக் குடும்பத்துப் பெண் என்பதும் இருக்கிறது. ஒரே ஊரில் ஏழெட்டு ஜான் அக்ராய்ட் இருக்கும்போது உங்கள் ஜானைப் பிரித்தெடுக்க இதைவிட நல்ல வழி இல்லை.

ஏழெட்டு ஜான் என்றது மிகையல்ல. முதல் முயற்சியில் நான் பட்ட பாட்டைச் சொல்கிறேன். ஒரு நண்பரின் குடும்பத்துக்காகத் தேடும்போது, ஒரே கிராமத்தில் ஒரே ஆண்டில் ஒரே பெயரில் இரண்டு ஞானஸ்நானங்கள் இருந்தன. பெரியப்பா பிள்ளையும் சித்தப்பா பிள்ளையும். எனக்கு வசதியாகப் பட்ட ஒருவனை எடுத்துக்கொண்டு நான்கு தலைமுறை மேலே போய்விட்டேன். அப்புறம் ஒருநாள் அடக்கப் பதிவேட்டைப் புரட்டினால், என் ஆள் மூன்று வயதிலேயே போய்ச் சேர்ந்திருக்கிறான். அவனுக்கு நான் 24 வயதில் கல்யாணம் செய்துவைத்து ஆறு பிள்ளைகளையும் கொடுத்திருந்தேன். அன்றிலிருந்து யாரை எடுத்தாலும் முதலில் 'சாகடித்துப்' பார்த்துவிட்டுத்தான் அடுத்த வேலை.

1837-க்கு முன்னால் தேவாலயப் பதிவேடுகள்தான் கதி. எட்டாம் ஹென்றி மன்னரின் அமைச்சர் தாமஸ் குரோம்வெல் 1538-ல் போட்ட உத்தரவால் தொடங்கியவை அவை. ஹாலிஃபாக்ஸில் அந்த ஆண்டிலிருந்தே இருக்கின்றன, உங்கள் அதிர்ஷ்டம். 1813-க்குப் பிறகு அச்சடித்த படிவம் என்பதால் அப்பாவின் தொழில், ஊர் எல்லாம் இருக்கும். அதற்கு முன் பல இடங்களில் 'ஜான், வில்லியமின் மகன்' என்ற ஒற்றை வரிதான். உள்நாட்டுப் போர் நடந்த 1640-களிலும் அதற்குப் பிறகும் பக்கங்களே இல்லாத ஊர்கள் உண்டு. 1752-க்கு முன் அவர்களுக்குப் புத்தாண்டு மார்ச் 25-ல் பிறந்தது என்பதையும் மறக்காதீர்கள். 1715 ஏப்ரலில் கல்யாணம், 1715 பிப்ரவரியில் குழந்தை என்று இருந்தால் முகம் சுளிக்க வேண்டாம். அந்த பிப்ரவரி நம் கணக்கில் 1716.

கால்டர் பள்ளத்தாக்கில் மெதடிஸ்ட், பாப்டிஸ்ட் சபைகளும் பலமாக இருந்தன. ஹெப்டன்ஸ்டாலில் மெதடிஸ்டுகள் 1764-லேயே எண்கோண வடிவில் ஒரு கோயில் கட்டிவிட்டார்கள். ஊர்க் கோயில் பதிவேட்டில் ஆள் இல்லையென்றால் இந்தச் சபைகளின் ஏடுகளைப் பாருங்கள். நிறைய ஏடுகள் லண்டனில் தேசிய ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன.

ஆக, எவ்வளவு தூரம்? 1800 வரை போவது பொறுமை இருந்தால் நடக்கும். 1650 வரை போனால் பாக்கியம். 1538-ஐத் தொட்டவர்கள் மிகக் குறைவு. அதற்கும் 1379-க்கும் இடையே இருக்கும் பள்ளத்தை உயில்களும் நிலப் பத்திரங்களும் சில சொத்துள்ள குடும்பங்களுக்கு மட்டும் நிரப்பும்.

காகிதம் நின்றுபோகும் இடத்தில் மரபணுச் சோதனை கொஞ்சம் உதவலாம். மரபியலாளர் பிரையன் சைக்ஸ் தன் குடும்பப் பெயர் கொண்ட ஆண்களையே சோதித்து 2000-ல் முடிவுகளை வெளியிட்டார். சைக்ஸும் மேற்கு யார்க்‌ஷயர் பெயர்தான். அப்பாவிடமிருந்து மகனுக்கு மட்டும் இறங்கும் ஒய் குரோமோசோமில், ஏறக்குறைய பாதிப் பேரிடம் ஒரே அடையாளம் இருந்தது. மீதிப் பாதியில் தத்து, திருமணத்துக்கு வெளியே பிறந்த பிள்ளை, மாற்றாந்தந்தையின் பெயர் எல்லாம் வரும். ஆங்கிலோ இந்தியக் குடும்பங்களிலும் இவை நடந்ததுண்டு. அப்படி ஒன்று தெரியவந்தால் தாங்கிக்கொள்வோமா என்று வீட்டில் பேசிவிட்டு இறங்குங்கள். இந்தச் சோதனைக்கு நீங்கள் சரிப்பட மாட்டீர்கள். பாட்டியின் அண்ணன் தம்பி வழியில், இன்றும் அக்ராய்ட் என்ற பெயரோடு இருக்கும் ஓர் ஆண் வேண்டும்.

கடைசியாக, அப்பா சொல்லும் ஃபார்முலாக்காரர். வாலஸ் அய்க்ராய்ட் 1899-ல் டப்ளினில் பிறந்தவர். 1935 முதல் 1945 வரை நம் குன்னூரில் ஊட்டச்சத்து ஆய்வுக்கூடத்தின் இயக்குநராக இருந்தார். ஒருவருக்கு எவ்வளவு உணவு தேவை என்று அவர் போட்ட கணக்கைத்தான் 1957-ல் இந்தியத் தொழிலாளர் மாநாடு குறைந்தபட்சக் கூலிக்கு அடிப்படையாக எடுத்துக்கொண்டது: குடும்பத்துக்கு மூன்று நுகர்வு அலகு, அலகுக்கு நாளொன்றுக்கு 2,700 கலோரி, கூடவே ஆண்டுக்கு 72 கஜம் துணி. மத்திய அரசு ஊழியர்களின் குறைந்தபட்ச மாதச் சம்பளமாக ஏழாவது ஊதியக் குழு 18,000 ரூபாய்க்கு வந்து சேர்ந்ததும் இந்த வழியில்தான். அவர் பெயரும் உங்கள் பாட்டி பெயரும் ஒரே சொல். அதற்கு மேல் சொந்தம் கொண்டாட இப்போதைக்குக் காகிதம் இல்லை. உங்கள் ஃபிட்டர் பிறந்தது யார்க்‌ஷயரா, லங்காஷயரா, டப்ளினா என்று தெரிந்த பிறகு அப்பாவிடம் பேசிக்கொள்ளலாம்.

இந்த வாரம் செய்ய வேண்டியது ஒன்றே ஒன்று. அந்த 1906 சான்றிதழை வெயில் வெளிச்சத்தில் இரண்டு பக்கமும் படம் எடுங்கள். ஞானப்பெற்றோரின் பெயர்களையும் சேர்த்துக் குறித்துக்கொள்ளுங்கள். நாகப்பட்டினத்தில் அந்தக் குழந்தையைக் கையில் ஏந்தி நின்றவர் பல சமயம் அம்மாவின் தங்கையாகவோ, அப்பாவோடு ஒரே கப்பலில் வந்த கூட்டாளியாகவோ இருப்பார்.