பியாசோலாவின் 'நுவோ டாங்கோ' என்றால் என்ன?

நுவோ டாங்கோ என்றால் 'புதிய டாங்கோ'. அர்ஜென்டினாவின் ஆட்ட இசையான டாங்கோவை, உட்கார்ந்து கேட்கும் இசையாக ஆஸ்டர் பியாசோலா (1921–1992) மாற்றியதன் பெயர் அது. 1954-இல் பாரிஸில் இசை ஆசிரியை நாதியா பூலாஞ்சேயிடம் படித்துத் திரும்பியவர், 1955-இல் எட்டுப் பேர் குழு அமைத்து மின்கித்தாரையும் சேர்த்தார். பழைய ரசிகர்கள் கொதித்தார்கள்.

அவர் தாளத்தின் சாவி 3+3+2. எட்டு எண்ணிக்கையைச் சமமாகப் பிரிக்காமல் 'தகிட தகிட தக' என்று மேசையில் தட்டி, ஒவ்வொரு 'த'விலும் அழுத்திப் பாருங்கள். அந்த இழுப்பு உடனே பிடிபடும்.

அவர் வாசித்தது பாண்டோனியன்: இரு கைகளாலும் துருத்தியை விரித்து மூடி, பொத்தான்களை அழுத்தி வாசிக்கும் கருவி. வழக்கமான வகையில் வலப்பக்கம் 38, இடப்பக்கம் 33 பொத்தான்கள். உள்ளே ஒலி எழுப்பும் ரீட் (காற்றில் அதிரும் மெல்லிய உலோக நாக்கு) ஒரு திசைக் காற்றுக்குத்தான் அதிரும்; அதனால் திறக்க ஒன்று, மூட ஒன்று தேவை. இரண்டும் வெவ்வேறு சுரம் என்பதால், துருத்தியின் திசை மாறினால் அதே பொத்தான் வேறு சுரம் தரும். மவுத் ஆர்கனில் ஊதினால் ஒன்று, உறிஞ்சினால் வேறொன்று வருவதைப் போலத்தான். கற்பவர் தடுமாறுவதும் இங்கேதான்: ஒவ்வொரு கைக்கும் இரண்டு விரல் வரைபடம் மனப்பாடமாக வேண்டும். ஆகவே பலரும் திறக்கும்போதே வாசித்து, காற்றை ஒலியின்றி வெளியேற்றும் திறப்பை அழுத்திச் சட்டென்று மூடிவிடுவார்கள்.

பாண்டோனியனைச் சிறிய அக்கார்டியன் என்று நினைப்பது தவறு: அக்கார்டியனில் இடக்கைப் பொத்தான் ஒன்றே முழுக் கார்டை (சேர்ந்து ஒலிக்கும் பல சுரங்களை) தரும், இதிலோ அதை விரல்களால் சுரம் சுரமாகக் கட்ட வேண்டும்.