வீட்டுக்கடன்: கடைசியில் மொத்தம் எவ்வளவு கட்டுகிறோம்? உங்கள் கேள்விகளும் என் பதில்களும்

வங்கியில் வீட்டுக்கடன் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள் நான். கேள்வி அனுப்பச் சொன்னதும் பலரும் "வட்டி எங்கே குறைவு?" என்றுதான் கேட்டிருக்கிறீர்கள். அதற்குப் பதில் மாதாமாதம் மாறும். ஆனால் அசல் எந்த வேகத்தில் குறைகிறது என்பதைப் பெரும்பாலும் யாருமே பார்ப்பதில்லை, உண்மையான செலவு ஒளிந்திருப்பது அங்கேதான். எல்லாக் கணக்குக்கும் ஒரே உதாரணம் வைத்துக்கொள்வோம்: 50 லட்சம் கடன், 8.5 சதவீதம் வட்டி, 20 ஆண்டு. மாதத் தவணை 43,391 ரூபாய்.

கேள்வி: 5 வருஷமா ஒரு மாசம்கூடத் தவறாம கட்டுறேன் மேடம். ஸ்டேட்மென்ட் வாங்கிப் பார்த்தா அசல் அப்படியே இருக்கு. பேங்க்ல ஏதாவது தப்பா கணக்கு போட்டிருப்பாங்களா? (திருப்பூர்)

தப்பு இருக்க வாய்ப்பு குறைவு தம்பி, கணக்கே அப்படித்தான். நம் உதாரணத்தில் முதல் மாத வட்டி மட்டும் 35,417 ரூபாய். நீங்கள் கட்டும் 43,391-ல் அசலுக்குப் போவது வெறும் 7,974. அடுத்த மாதம் அசல் கொஞ்சம் குறைந்திருப்பதால் வட்டியும் கொஞ்சம் குறையும், அசலுக்குப் போவது ஐம்பதோ அறுபதோ ரூபாய் கூடும், இப்படியே ஊர்ந்துதான் போகும். 5 ஆண்டில் நீங்கள் கட்டியது 26 லட்சம், பாக்கி அசல் இன்னும் 44 லட்சத்துக்கு மேல். 10 ஆண்டு முடியும்போது 35 லட்சம் பாக்கி. பாதிக் கடன் அடைய கிட்டத்தட்ட 13 ஆண்டு 10 மாதம் ஆகும். மொத்தத்தில் 20 ஆண்டில் 1 கோடியே 4 லட்சம் கட்டுவீர்கள், அதில் வட்டி மட்டும் 54 லட்சம்.

இன்றைக்கே வங்கியிடம் அமார்டைசேஷன் அட்டவணை கேட்டு வாங்குங்கள். எந்த மாதத் தவணையில் எவ்வளவு வட்டி, எவ்வளவு அசல் என்று வரிசையாக இருக்கும். கடன் வாங்கும் முன்பே பார்த்திருக்க வேண்டிய தாள் அது.

கேள்வி: 30 வருஷம் போட்டா தவணை குறையும்னு ஏஜென்ட் சொல்றார். நல்லதுதானே?

குறையும், 43,391-க்குப் பதில் 38,446. மாதம் 5,000 ரூபாய்தான் மிச்சம். அதற்கு விலையாக வட்டி 54 லட்சத்திலிருந்து 88 லட்சமாகிறது. 15 ஆண்டு போட்டால் தவணை 49,237, வட்டி 38 லட்சத்து 60 ஆயிரம் சொச்சம். தவணைக்கும் மற்ற செலவுக்கும் சம்பளம் உண்மையிலேயே பற்றாது என்றால் 30 போடுங்கள், குற்றம் சொல்ல மாட்டேன். "இன்னும் பெரிய வீடாகப் பார்க்கலாம்" என்பதற்காகப் போடாதீர்கள்.

கேள்வி: 2021-ல 6.7 சதவீதத்துல வாங்கினோம். தவணை மாறவே இல்ல, அதனால கவலைப்படல. இப்ப போய்க் கேட்டா முடியற வருஷம் எங்கேயோ போயிருக்கு. எங்கள ஏமாத்திட்டாங்களா அக்கா? (மதுரை)

இந்தக் கேள்விதான் எனக்கு அதிகமாக வந்திருக்கிறது, அதனால் விரிவாகவே சொல்கிறேன். 2020 மே மாதத்திலிருந்து 2022 மே வரை ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம், அதாவது வங்கிகளுக்கு அது கடன் தரும் வட்டி, 4 சதவீதத்தில் இருந்தது. அடுத்த பத்து மாதத்துக்குள், 2023 பிப்ரவரியில், 6.5 ஆகிவிட்டது. 2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் கொடுத்த ஃப்ளோட்டிங் (வட்டி ஏறி இறங்கும்) வீட்டுக்கடன்கள் ரெப்போ போன்ற வெளி விகிதத்தோடு கட்டப்பட்டவை, மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது வட்டி மாறும். ஆக உங்கள் 6.7 என்பது 9.2-க்குப் போயிருக்கும். வங்கிகள் பெரும்பாலும் தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டிவிட்டன, ஏனென்றால் தவணை கூடினால் வாடிக்கையாளர் உடனே வந்து நிற்பார், காலம் நீண்டால் கவனிக்க மாட்டார்.

கணக்கைப் பாருங்கள். 50 லட்சம், 6.7 சதவீதம், 20 ஆண்டு என்றால் தவணை 37,870. 2 ஆண்டு கட்டியபின் பாக்கி 47 லட்சத்து 45 ஆயிரம். புரிவதற்காக வட்டி ஒரே தாவலில் 9.2 ஆனது என்று வைத்துக்கொள்வோம். மாத வட்டியே 36,380. அசலுக்குப் போவது 1,490 ரூபாய்! அதே தவணையைத் தொடர்ந்தால் மிச்சமிருந்த 18 ஆண்டு, 35 ஆண்டாகிவிடும். 18-லேயே முடிக்க வேண்டுமென்றால் தவணையை 45,000 ஆக்கியிருக்க வேண்டும்.

இப்படிப் பலருக்கு நடந்த பிறகுதான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை போட்டது. வட்டி ஏறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று கடன் வாங்கியவரிடம் கேட்க வேண்டும், மூன்று மாதத்துக்கு ஒருமுறை ஸ்டேட்மென்ட் தர வேண்டும், மாத வட்டிக்குக்கூடப் பற்றாத தவணையாக இருக்கக் கூடாது. ஏமாற்று என்று நான் சொல்ல மாட்டேன், ஆனால் உங்களுக்குப் புரியும்படி சொல்லாமல் விட்டது பெரிய தவறு, அதில் எனக்கு இரண்டு கருத்து கிடையாது. 2025-ல் பிப்ரவரி, ஏப்ரல், ஜூன் என்று ரெப்போ இறங்கி ஜூனில் 5.5-க்கு வந்தது. அந்த இறக்கம் உங்கள் கணக்கில் ஏறியிருக்கிறதா, பாக்கி மாதங்கள் எத்தனை என்று எழுத்துப்பூர்வமாகக் கேளுங்கள். வட்டி இறங்கும்போது "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று சொல்லிவிட்டு வாருங்கள்.

கேள்வி: நாங்க வாங்கினது பேங்க்ல இல்ல, ஹவுசிங் ஃபைனான்ஸ் கம்பெனியில. ரெப்போ இறங்கியும் எங்களுக்கு வட்டி இறங்கல.

வெளி விகிதத்தோடு கட்டாயமாக இணைக்க வேண்டும் என்ற விதி வங்கிகளுக்கு மட்டும்தான். உங்கள் நிறுவனம் தன் சொந்த அடிப்படை விகிதத்தை வைத்திருக்கும், அது மெதுவாகத்தான் இறங்கும். புதிதாக வருபவருக்கு என்ன வட்டி என்று விசாரியுங்கள், உங்களுடையது அதைவிட அதிகமாக இருந்தால் சின்னக் கட்டணம் கட்டி மாற்றித் தருவார்களா என்று கேளுங்கள். மறுத்தால் வேறு வங்கிக்கு மாற்றலாம். 35 லட்சம் பாக்கி, 10 ஆண்டு மிச்சம், 9.5-லிருந்து 8.5-க்கு மாறினால் மாதம் 1,890 ரூபாய், மொத்தம் 2 லட்சத்து 27 ஆயிரம் மிச்சமாகும். புராசஸிங் கட்டணம், வக்கீல் கருத்து, மதிப்பீட்டாளர் கட்டணம், எம்ஓடி (பத்திரத்தை வங்கியிடம் கொடுத்து அடமானம் வைத்ததற்கான ஆவணம்) மறுபடியும் பதிவு, எல்லாம் போக மிச்சம் நிற்குமா என்று பாருங்கள். கடைசி 4, 5 ஆண்டில் மாற்றுவது பெரும்பாலும் வீண் அலைச்சல்.

கேள்வி: சீட்டு எடுத்த பணம் 2 லட்சம் இருக்கு மேடம். கடன்ல கட்டவா, எஃப்டி போடவா?

கடன் எந்த ஆண்டில் இருக்கிறது என்பதைப் பொறுத்தது, நீங்கள் அதைச் சொல்லவில்லை. நம் உதாரணத்தில் முதல் ஆண்டு முடிவில் 2 லட்சம் கட்டினால் கடைசியில் சுமார் 21 தவணைகள் காணாமல் போகும், அதாவது 9 லட்சத்து 30 ஆயிரம், போட்ட 2 லட்சத்தைக் கழித்தால் 7 லட்சத்துக்கு மேல் வட்டி மிச்சம். அதே 2 லட்சத்தை 12-ம் ஆண்டு முடிவில் கட்டினால் 9 தவணைகூட முழுதாகக் குறையாது, வட்டி மிச்சம் 1 லட்சத்து 80 ஆயிரம் சொச்சம்தான்.

எஃப்டியில் 7 சதவீதம் கிடைத்தாலும் 30 சதவீத வரி வரம்பில் இருப்பவருக்குக் கையில் நிற்பது 5-க்கும் கீழே. கடனில் கட்டும் பணம் உங்களுக்கு 8.5 சதவீதத்தை வரியில்லாமல் மிச்சப்படுத்துகிறது. ஆனால் ஆறு மாதச் செலவுக்கான பணம் கையில் இல்லாமல் கடனில் கொண்டுபோய் கொட்டாதீர்கள். ஆஸ்பத்திரிச் செலவு வந்தால் அந்த 2 லட்சத்தை வங்கி திருப்பித் தராது, நகையை அடகு வைக்க வேண்டி வரும்.

அப்புறம், ஃப்ளோட்டிங் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக்கடனை முன்கூட்டியே அடைத்தால் அபராதம் கிடையாது. "அபராதம் உண்டு" என்று யாராவது சொன்னால் எழுதிக் கொடுக்கச் சொல்லுங்கள்.

கேள்வி: எனக்கு மொத்தமா பணம் வராது. சம்பளம் மட்டும்தான். என்ன செய்யலாம் அக்கா? (ஓசூர்)

வருஷா வருஷம் சம்பளம் கூடும்போது தவணையை 5 சதவீதம் கூட்டச் சொல்லுங்கள். 43,391-ல் தொடங்கி அடுத்த ஆண்டு 45,560, அதற்கடுத்த ஆண்டு 47,840 என்று போனால் 20 ஆண்டுக் கடன் 12 ஆண்டு 3 மாதத்தில் முடிந்துவிடும். வட்டி 54 லட்சத்துக்குப் பதில் 34 லட்சத்து 60 ஆயிரம் அளவில் நிற்கும். எனக்குத் தெரிந்தவரை மாதச் சம்பளக்காரருக்கு இதைவிட நல்ல வழி கிடையாது, ஏனென்றால் காகிதத்தில் கடன் 20 ஆண்டுதான், ஒரு வருஷம் கஷ்டம் வந்தால் கூட்டாமல் விட்டுவிடலாம்.

கேள்வி: பணவீக்கத்தைக் கணக்குல எடுத்தா 20 வருஷம் கழிச்சு 43 ஆயிரத்துக்கு மதிப்பே இருக்காதே, எதுக்கு அவசரப்பட்டு அடைக்கணும்?

சரியான கேள்வி. ஆண்டுக்கு 6 சதவீதம் விலைவாசி ஏறினால் 20 ஆண்டு கழித்து 43,391 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு 13,500 தான். அதனால் 1 கோடியே 4 லட்சத்தை இன்றைய பணமாக நினைத்துப் பயப்பட வேண்டாம் என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் இது சம்பளமும் விலைவாசியோடு ஏறுபவருக்குப் பொருந்தும் வாதம். கடை வைத்திருப்பவர், 50 வயதைத் தொடுபவர், வேலை நிலையில்லாதவர் இதை நம்பி இருக்கக் கூடாது. இன்னொன்று, அடைக்காமல் வைத்த பணத்தை உண்மையிலேயே நீண்டகாலம் முதலீடு செய்பவர்களை நான் குறைவாகத்தான் பார்த்திருக்கிறேன், பெரும்பாலும் அது காரிலும் விசேஷத்திலும் போய்விடுகிறது.

கேள்வி: வரி மிச்சம்னு ஆடிட்டர் சொல்றாரே, கடனை அடைச்சா அது போயிடாதா?

குடியிருக்கும் வீட்டுக்கு வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரைதான் கழிக்கலாம், அதுவும் பழைய வரி முறையில் மட்டும். புதிய முறையில் இருந்தால் அதுவும் இல்லை. 30 சதவீத வரம்பில் அதிகபட்ச மிச்சம், செஸ் சேர்த்து, 62,400 ரூபாய். முதல் ஆண்டு நீங்கள் கட்டும் வட்டி 4 லட்சத்து 21 ஆயிரம். 62,400 மிச்சம் பிடிக்க 4 லட்சம் செலவு செய்கிறோம் என்று ஆடிட்டரிடம் சொல்லிப் பாருங்கள்.

கேள்வி: கடனோட சேர்த்து இன்சூரன்ஸ் எடுத்தே ஆகணும்னு சொல்லி 1.5 லட்சத்தைக் கடன்லயே சேர்த்துட்டாங்க.

அந்த 1.5 லட்சத்துக்கும் 20 ஆண்டு வட்டி ஓடும், கட்டி முடிக்கும்போது 3 லட்சத்து 12 ஆயிரம் ஆகியிருக்கும். வீட்டுக்கடன் வாங்குபவருக்கு ஆயுள் காப்பீடு அவசியம் தேவை, குடும்பத்தின் தலையில் கடன் விழக் கூடாது. ஆனால் அதை அவர்கள் சொல்லும் நிறுவனத்தில்தான் எடுக்க வேண்டும் என்ற கட்டாயம் கிடையாது. தனியாக ஒரு டேர்ம் பாலிசி (குறிப்பிட்ட காலத்துக்குள் இறந்தால் மட்டும் பணம் தருவது) எடுத்து ஆண்டுதோறும் கட்டுவது பெரும்பாலும் மலிவு, கடனை வேறு வங்கிக்கு மாற்றினாலும் அது உங்களோடு வரும். உங்கள் பாலிசி கைக்கு வந்து சில நாட்கள்தான் ஆகிறது என்றால் ஃப்ரீ லுக் காலத்துக்குள் திருப்பிக் கொடுக்கலாம், தேதியைப் பாருங்கள்.

கேள்வி: தனியார் ஃபைனான்ஸ்ல 10 சதவீதம்தான்னு சொல்றாங்க ஐயா, பேங்க்லயே 9 கிட்ட வருது, பெரிய வித்தியாசம் இல்லையே?

ஐயா இல்லை, அம்மா! அது ஃப்ளாட் வட்டியா, அதாவது அசல் குறைந்துகொண்டே வந்தாலும் முதலில் வாங்கிய முழுத் தொகைக்கே கடைசி வரை வட்டி போடுவதா என்று முதலில் கேளுங்கள். 10 லட்சத்துக்கு 10 ஆண்டு, 10 சதவீதம் ஃப்ளாட் என்றால் வட்டியே 10 லட்சம், தவணை 16,667. குறையும் அசலுக்குக் கணக்குப் போட்டால் அது கிட்டத்தட்ட 15.9 சதவீதம். 2024 அக்டோபரிலிருந்து வங்கியும் நிதி நிறுவனமும் கடன் தரும் முன் முக்கிய விவர அறிக்கை ஒன்றைத் தர வேண்டும், கட்டணம் எல்லாம் சேர்த்த ஆண்டு விகிதம், ஏபிஆர், அதில் இருக்கும். அந்த எண்ணை மட்டும் ஒப்பிடுங்கள். அந்தத் தாள் கொடுக்காத இடத்தில் கையெழுத்துப் போடாதீர்கள்.

கேள்வி: கையில எவ்வளவு இருந்தா வீடு பார்க்க ஆரம்பிக்கலாம்? (திருச்சி)

50 லட்சம் கடன் என்றால் வங்கி வீட்டு விலையில் 80 சதவீதம்தான் தரும், ஆக வீடு 62.5 லட்சம், உங்கள் பங்கு 12.5 லட்சம். தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத்தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2, ஆக 9 சதவீதம், 5 லட்சத்து 60 ஆயிரம் சொச்சம். புது ஃப்ளாட்டுக்கு விகிதம் வேறு, கட்டிக்கொண்டிருக்கும் ஃப்ளாட் என்றால் ஜிஎஸ்டியும் உண்டு. எம்ஓடி, வக்கீல், ஆவண எழுத்தர், மின் இணைப்புப் பெயர் மாற்றம் என்று இன்னும் போகும். 19 லட்சமாவது சொந்தப் பணமாக இருக்க வேண்டும். இந்தப் பணத்துக்குப் பர்சனல் லோன் எடுப்பவர்களைப் பார்த்தால் எனக்கு மனசு கேட்காது, இரண்டு தவணையும் ஒரே சம்பளத்தில் ஓடும்போது முதலில் நசுங்குவது பிள்ளைகளின் படிப்புச் செலவு.

கேள்வி: கடைசித் தவணை அடுத்த மாசம். அப்புறம் ஒரு வேலையும் இல்லையே?

இருக்கிறது. நிலுவையில்லாச் சான்று வாங்குங்கள். தாய்ப்பத்திரம் உட்பட நீங்கள் கொடுத்த அசல் ஆவணங்கள் எல்லாம் 30 நாளுக்குள் திரும்ப வேண்டும், வங்கியின் பக்கம் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும் என்பது 2023 டிசம்பரிலிருந்து நடைமுறை. பிறகு வங்கி அதிகாரியோடு சார்பதிவாளர் அலுவலகம் போய் எம்ஓடிக்கு ரசீது பதிவு செய்து ரத்து செய்யுங்கள். இதைச் செய்யாவிட்டால் கடன் அடைந்த பிறகும் வில்லங்கச் சான்றில் அடமானம் நின்றுகொண்டே இருக்கும், விற்கப் போகும்போது வாங்குபவர் பயந்து போய்விடுவார். இரண்டு வாரம் கழித்து ஒரு வில்லங்கச் சான்று எடுத்து, ரசீது அதில் ஏறியிருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள்.