கமரா முன்னிருந்து கதிரை வட்டத்துக்கு: வாசகர் கேள்வி – பதில்

தொலைக்காட்சித் தொடர்களில் நடித்த ஒரு நடிகை பின்னாளில் படித்து, முழுக் குடும்பத்தையும் ஒன்றாக இருத்திக் கதைத்து உதவும் குடும்பச் சிகிச்சையாளர் ஆனதைப் பற்றி ஒரு குறிப்பை வாசித்த பலர், அதையொட்டிக் கேள்விகள் அனுப்பியிருந்தார்கள். குடும்பச் சிகிச்சையிலும் அரங்கப் பயிற்சியிலும் ஈடுபட்டுள்ள இருவர் இங்கே பதில் தருகிறார்கள்.

நடிகை ஒருவர் எப்படிச் சிகிச்சையாளர் ஆகலாம்? பேர் இருந்தால் சான்றிதழும் தேடி வருமோ?
– வாசகர், மானிப்பாய்

வராது. உதாரணத்துக்கு, அமெரிக்காவின் கலிபோர்னியா மாநிலம் 1963இலேயே இந்தத் தொழிலுக்கு அனுமதிப்பத்திரச் சட்டம் கொண்டுவந்துவிட்டது. திரைத்துறையிலிருந்து வருகிறவருக்கும் அங்கே அதே சட்டம்தான். முதலில் முதுமாணிப் பட்டம். அதோடு மேற்பார்வையாளர் ஒருவரின் கீழ் 3,000 மணித்தியால வேலை. அதில் குறைந்தது 500 மணித்தியாலம் தம்பதிகளோடும் குடும்பங்களோடும் பிள்ளைகளோடும் செய்ததாக இருக்க வேண்டும். ஒரு வாரத்தில் 40 மணித்தியாலத்துக்கு மேல் கணக்கில் எடுக்கமாட்டார்கள். மேற்பார்வையும் குறைந்தது 104 வாரம் நடந்திருக்க வேண்டும். எவ்வளவு விரைந்தாலும் இரண்டு வருடத்துக்குள் முடிக்க இயலாது. இவற்றோடு இரண்டு பரீட்சைகளும் உண்டு: ஒன்று சட்டமும் ஒழுக்கநெறியும், மற்றது சிகிச்சை அறிவு.

இதற்கு நெருங்கிய பாதையில் போனவர் பமீலா ஸ்டீபன்சன். 1979 முதல் 1982 வரை பிபிசியின் நகைச்சுவை நிகழ்ச்சி ஒன்றில் நடித்துப் பிரித்தானியாவில் வீட்டுக்கு வீடு தெரிந்த முகமானார். பின்னர் அமெரிக்காவில் மருத்துவ உளவியலாளர் ஆனார்.

தெரிந்த முகம் இந்த வேலையில் ஒரு பாரமும்கூட. வருகிற குடும்பம் தான் பார்த்து ரசித்த பாத்திரத்தோடு கதைக்கத் தொடங்கிவிடும். அதனால் முதல் பத்து நிமிடத்துக்குள்ளேயே அதைக் கேட்டுவிடுவது நல்லது: “என்னைத் தொலைக்காட்சியில் பார்த்திருக்கிறீர்களா? பார்த்ததில் எது இப்போது இடைஞ்சலாக இருக்கிறது?” கேட்காமல் விட்டால் அந்தப் பாத்திரம் கடைசிவரை ஒரு கதிரையைப் பிடித்துக்கொண்டிருக்கும்.

நடிப்புப் பயிற்சி இந்த வேலைக்கு உதவுமா? பொய்யாக அழத் தெரிந்தவரிடம் உண்மையை எப்படிச் சொல்லுவது?
– வாசகி, நெல்லியடி

நல்ல நடிகை பழகியிருப்பது முதலில் கேட்பதற்குத்தான். எதிரில் நிற்பவர் எந்த மூச்சில் வசனத்தைத் தொடங்குகிறார், எந்தச் சொல்லை விழுங்குகிறார், கண் எப்போது வாசற்பக்கம் போகிறது என்பதெல்லாம் அவருக்குப் பழகிப்போனவை. இதில் மூன்று பழக்கங்கள் குடும்பச் சிகிச்சைக்கு நேரடியாகக் கைகொடுக்கின்றன.

ஒன்று, யார் எங்கே இருக்கிறார்கள் என்பதை வாசிப்பது. “எங்கட வீட்டில ஒரு பிரச்சினையும் இல்லை” என்று தாய் சொல்லுவார். மூத்தவன் அவரோடு ஒட்டி இருப்பான், தகப்பன் கதவடியில், இளையவள் இருவருக்கும் நடுவில். வாய் சொல்லாததைக் கதிரைகள் சொல்லிவிடும். அமைப்பு வழிக் குடும்பச் சிகிச்சையை உருவாக்கிய சல்வடோர் மினுச்சின் என்பவர், அமர்வில் கதைத்துக்கொண்டிருக்கும்போதே ஆட்களை இடம் மாற்றி இருத்துவார். நடுவிலிருக்கும் பிள்ளையை எழுப்பி ஓரமாக இருத்தி, தாயையும் தகப்பனையும் பக்கத்துப் பக்கமாக இருத்தினால், இதுவரை பிள்ளையூடாகக் கதைத்தவர்கள் நேரே கதைக்க வேண்டிவரும்.

இரண்டாவது, நடந்ததை விவரிக்கவிடாமல் நடத்திப் பார்க்கச் சொல்வது. “மகன் மதிப்பதில்லை” என்று தகப்பன் சிகிச்சையாளரிடம் முறையிட்டால், “அதை மகனிடமே இப்போது சொல்லுங்கள்” என்று சொல்லிவிட்டுச் சிகிச்சையாளர் தன் கதிரையை ஒரு முழம் பின்னுக்கு இழுத்துக்கொள்வார். இழுக்காவிட்டால் தகப்பன் திரும்பவும் அவரைப் பார்த்தே கதைப்பார்.

மூன்றாவது, ஒரே காட்சி திரும்பத் திரும்ப வருவதைப் பிடிப்பது. பெரும்பாலான வீட்டுச் சண்டைகளுக்கு ஏழெட்டு வசனம்தான் இருக்கும். யார் முதலில், யார் அடுத்தது, யார் எழுந்து போவது என்று தாளில் எழுதிவிட்டால், அதில் ஒரு வசனத்தை மட்டும் மாற்றச் சொல்லலாம்.

அதே நடிப்பு காலை வாரும் இடங்களும் இருக்கின்றன. தொடர் நாடகத்தில் ஒவ்வொரு காட்சியும் உச்சத்தை நோக்கி ஓடும். அந்தப் பழக்கத்தில் முதல் அமர்விலேயே அழுகையை வரவழைத்துவிட்டால், அந்தக் குடும்பம் வெட்கப்பட்டு இரண்டாம் முறை வராது. எங்கள் ஊரில் இது இன்னும் கடுமை, ஏனென்றால் அந்நியர் முன் அழுத தகப்பன் வீட்டுக்குப் போய் அந்த வெட்கத்தைக் கோபமாகத்தான் காட்டுவார். மௌனம் இன்னொரு பொறி. தொலைக்காட்சியில் மூன்று விநாடி மௌனமே நீளம். இங்கே முப்பது விநாடிகூடப் பொறுத்திருக்க வேண்டும், அதற்குப் பிறகுதான் இதுவரை வாய் திறக்காதவர் திறப்பார். சிகிச்சையாளர் தானே அழுதுவிடுவதும் கூடாது. பிள்ளைகள் உடனே அவரைத் தேற்றத் தொடங்குவார்கள். வீட்டில் தாயைத் தேற்றித் தேற்றியே களைத்துப்போன பிள்ளைக்கு இங்கேயும் அதே வேலை.

நடிகைக்கும் குடும்பச் சிகிச்சைக்கும் உள்ள உறவு பழையது. மனச் சிக்கலை நடித்துப் பார்த்துத் தீர்க்கும் உளநாடகத்தைத் தொடக்கிய ஜேக்கப் மொரீனோ 1920களில் வியன்னாவில் எழுத்துப் பிரதி இல்லாத அரங்கு ஒன்றை நடத்தினார். அங்கே சாந்தமான பெண் பாத்திரங்களையே ஏற்ற ஒரு நடிகையைப் பற்றி, பார்பரா என்ற பெயரில், அவர் எழுதியிருக்கிறார். மேடையில் பதுமை, வீட்டில் கணவனோடு ஓயாத சண்டை. மொரீனோ அவருக்குச் சண்டைக்காரிப் பாத்திரங்களைக் கொடுத்துப் பார்த்தார். வீட்டில் கோபம் தணிந்தது என்று கணவன் வந்து சொன்னார். பிறகு கணவனையும் மேடையேற்றி, அவர்கள் வீட்டுக் காட்சிகளையே இருவரும் நடிக்கச் செய்தார். தம்பதியை ஒன்றாக இருத்திச் செய்யும் சிகிச்சைக்கு அது ஒரு முன்னோடி. ஒரு பாத்திரத்தை மாற்றினால் எல்லாரும் குணமாவார்கள் என்று மட்டும் இதை எடுத்துக்கொள்ளக்கூடாது.

மகனுக்கு 17 வயது. இரண்டு மாதமாகப் பள்ளிக்கூடம் போகாமல் அறைக்குள்ளேயே கிடக்கிறான். இவர் கனடாவில். நானும் அம்மாவும்தான் வீட்டில். உளவளத்துணையாளர் எல்லாரையும் வரச் சொல்லுகிறார். பிரச்சினை அவனுக்குத்தானே, எங்களை ஏன் கூப்பிடுகிறார்?
– ஒரு தாய், கொக்குவில்

உங்களில் பிழை பிடிக்க அவர் கூப்பிடவில்லை அம்மா. மகனைத் தனியே ஒரு வைத்தியர் பார்ப்பதும் கட்டாயம் வேண்டும். மனச்சோர்வு, நித்திரைக் குழப்பம், பள்ளியில் யாராவது வதைப்பது, போதைப்பொருள் என்பவை இருக்கின்றனவா என்று முதலில் பார்க்க வேண்டும். ஆனால் காலையில் உங்கள் வீட்டில் நடக்கக்கூடியதை நினைத்துப் பாருங்கள். ஆறு மணிக்கு நீங்கள் எழுப்புகிறீர்கள். அவன் எழும்பவில்லை. நீங்கள் கனடாவுக்கு எடுக்கிறீர்கள். தகப்பன் தொலைபேசியில் ஏசுகிறார். அம்மம்மா பாவம் பார்த்து அறைக்குள் தேத்தண்ணி கொண்டுபோகிறார். நீங்கள் அம்மம்மாவோடு கோபிக்கிறீர்கள். அவன் கதவைச் சாத்துகிறான். நாலு பேரும் அன்பினால்தான் செய்கிறீர்கள். கதவு மட்டும் நாளுக்கு நாள் இறுகுகிறது.

முதல் அமர்வு ஒன்று முதல் ஒன்றரை மணித்தியாலம் எடுக்கும். மூன்று தலைமுறைக் குடும்ப வரைபடம் ஒன்று கீறுவார்கள். ஆணுக்குச் சதுரம், பெண்ணுக்கு வட்டம், இறந்தவருக்கு உள்ளே குறுக்குக் கோடுகள். மூன்று இணைகோடு என்றால் மிக நெருக்கம், நெளிகோடு என்றால் பிணக்கு, இடையில் வெட்டிய கோடு என்றால் தொடர்பு அறுந்தது. யாழ்ப்பாணத்தில் கீறும்போது பக்கத்தில் ஆண்டுகளையும் எழுத வேண்டும்: 1995இல் யார் எந்த வயதில் இடம்பெயர்ந்தார், 2009இல் யார் எங்கே இருந்தார், யார் எப்போது வெளிநாடு போனார். காணாமல் ஆக்கப்பட்டவர் ஒருவர் குடும்பத்தில் இருந்தால் அவருடைய சதுரத்தில் குறுக்குக் கோடு போடவே கூடாது. தாய் இன்னும் சோறு எடுத்து வைக்கும் வீட்டில் அந்தக் கோடு ஒரு அடி. இப்படிப்பட்ட இழப்பைப் பவுலின் பொஸ் என்னும் குடும்பச் சிகிச்சையாளர் ‘தெளிவற்ற இழப்பு’ என்றார். அந்தச் சதுரத்தில் எந்தக் குறி இடுவது என்பதைக் குடும்பம்தான் சொல்ல வேண்டும்.

தகப்பனையும் காணொளியில் சேர்க்கலாம். சனி மாலை 6.30 இங்கே என்றால் ரொறன்ரோவில் கோடையில் காலை 9 மணி, மாரியில் 8 மணி. தொலைபேசியைக் கையில் பிடிக்காதீர்கள். பிடித்தவர் பக்கமே அவர் நிற்பதுபோல ஆகிவிடும். ஒரு கதிரையில் நாலைந்து தடித்த புத்தகம் அடுக்கி, இருப்பவர்களின் முக உயரத்துக்குச் சாய்த்து வையுங்கள். அவர் தனியறையில் இருக்கிறாரா என்று முதலே கேளுங்கள். வேலைத்தலத்தில் நின்று கதைத்தால் ஏச்சோடு தொடர்பு முடிந்துபோகும்.

அமர்வு கிடைக்கும்வரை இரண்டு கிழமைக்கு இதைச் செய்து பாருங்கள். காலையில் கனடாவுக்கு எடுக்க வேண்டாம். தகப்பன் கிழமையில் இருமுறை தானே மகனுக்கு எடுத்து, பத்து நிமிடம் மட்டும், படிப்பைத் தவிர எதைப் பற்றியும் கதைக்கட்டும். அம்மம்மாவின் தேத்தண்ணி அறைக்குள் போகாமல் குசினியில் இருக்கட்டும், ஏச்சில்லாமல். முதல் நாலைந்து நாள் அவன் இன்னும் அடம்பிடிக்கக்கூடும். அந்த நாட்களில்தான் பெரும்பாலானவர்கள் கைவிட்டுவிடுகிறார்கள்.

சாக வேண்டும் என்ற கதை அவன் வாயில் வந்தால் இரண்டு கிழமை காத்திருக்க வேண்டாம். அன்றே ஆசுப்பத்திரிக்குக் கூட்டிப்போங்கள். தேசிய மனநல உதவி இலக்கம் 1926. வீட்டில் தோட்டத்துக்கு வைத்திருக்கும் பூச்சிமருந்தை முதல் வேலையாக வேறு இடத்துக்கு அகற்றுங்கள்.

பாடசாலையில் நாடகம் படிப்பிக்கிறேன். இழப்புகளோடு வரும் பிள்ளைகளுக்குப் பாத்திரம் மாற்றி நடிக்கும் பயிற்சி செய்யலாமா?
– ஆசிரியர், பருத்தித்துறை

செய்யலாம். அரங்கைக் காயத்துக்கு மருந்தாக்கிய அனுபவம் இந்த மண்ணுக்கு உண்டு. நாடகத்துறையினரான குழந்தை ம. சண்முகலிங்கமும் க. சிதம்பரநாதனும் போர்க்காலத்திலேயே அதைச் செய்துகாட்டினார்கள். ஆனால் நீங்கள் சிகிச்சை செய்யப் போவதில்லை என்பதில் தெளிவாக இருங்கள்.

90 நிமிடத்தை மூன்றாகப் பிரியுங்கள். முதல் 30 நிமிடம் உடலை இளக்கும் விளையாட்டு, அடுத்த 30 நடிப்பு, கடைசி 30 பகிர்வு. நேரம் போதவில்லை என்று பகிர்வைச் சுருக்குவதுதான் அடிக்கடி நடக்கும் பிழை. கிளறிய பிள்ளையை மூடாமல் பஸ்ஸில் அனுப்புவது அது. சின்னப் பாரமுள்ள காட்சியில் தொடங்குங்கள், பஸ்ஸில் இடம் கிடைக்காதது போல. பாத்திரம் மாறும்போது இருவரும் உண்மையிலேயே எழுந்து இடம் மாறி, மற்றவர் கடைசியாகச் சொன்ன வசனத்தை அதே தொனியில் திருப்பிச் சொல்லட்டும். ஒருவருக்கு ஐந்து நிமிடத்துக்கு மேல் வேண்டாம். தன் வீட்டுச் சாவைத் தானே நடிக்க எந்தப் பிள்ளையையும் கேட்காதீர்கள்.

பார்வை ஒரே இடத்தில் நின்று, மூச்சு மேலால் போய், பெயர் சொல்லிக் கூப்பிட்டாலும் திரும்பாவிட்டால் உடனே நிறுத்துங்கள். பாதத்தை நிலத்தில் ஊன்றச் சொல்லி, கண்ணுக்குத் தெரியும் ஐந்து பொருட்களின் பெயரைச் சொல்லவையுங்கள். முடிவில் எல்லாரும் பாத்திரத்தைக் கழற்ற வேண்டும்: போர்த்திய துணியை மடித்து வைத்து, “நான் இப்ப அண்ணன் இல்லை, என்ர பெயர் இது, காலமை சாப்பிட்டது இடியப்பம்” என்று ஒவ்வொருவராகச் சொல்லட்டும்.

கைத்தொலைபேசியில் படம்பிடிக்க விடாதீர்கள். இந்தக் காட்சிகளைப் போட்டிக்கு எடுத்துப் போகவும் வேண்டாம். பிள்ளையின் துக்கத்துக்குப் புள்ளி போடுவது எங்கள் கண்ணில் பெரிய அநியாயம்.

கணவர் அடிக்கிறார். இருவரும் சேர்ந்து குடும்பச் சிகிச்சைக்குப் போகலாமா?
– பெயர் வேண்டாம்

இப்போது சேர்ந்து போக வேண்டாம். அவர் முன்னால் நீங்கள் சொல்லும் உண்மைக்கு வீட்டில் அடி விழலாம். தனியே போங்கள், தொலைபேசியில் நேரம் எடுக்கும்போதே “தனியாகக் கதைக்க வேண்டும்” என்று சொல்லிவிடுங்கள். பெண்களுக்கான உதவி இலக்கம் 1938, சிறுவர் பாதுகாப்புக்கு 1929. அடையாள அட்டை, பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ், வங்கிப் புத்தகம், கொஞ்சக் காசு ஆகியவற்றை நம்பிக்கையான ஒருவர் வீட்டில் வையுங்கள்.

யாழ்ப்பாணத்தில் எங்கே போவது? ஒருவர் உண்மையில் படித்தவரா என்று எப்படி அறிவது?
– வாசகர், சாவகச்சேரி

உங்கள் பிரதேச செயலகத்தில் உளவளத்துணைப் பிரிவைக் கேளுங்கள், கட்டணமில்லை. யாழ். போதனா வைத்தியசாலையிலும் தெல்லிப்பழை வைத்தியசாலையிலும் மனநலப் பிரிவுகள் உண்டு. 1987இல் தொடங்கிய சாந்திகம் நிறுவனம் உளவளத்துணைக்கென்றே இயங்கிவருகிறது.

கலிபோர்னியாவில் இருப்பதுபோல் ‘குடும்பச் சிகிச்சையாளர்’ என்ற தனி அனுமதிப்பத்திரம் இலங்கையில் இல்லை. அதனால் பெயர்ப்பலகையை நம்பாமல் நேரே கேளுங்கள்: எங்கே, எத்தனை மாதம் படித்தீர்கள்? மேற்பார்வையாளர் இப்போதும் இருக்கிறாரா? முழுக் குடும்பத்தோடும் வேலை செய்திருக்கிறீர்களா? நாங்கள் சொல்வதை எந்தச் சந்தர்ப்பத்தில் வெளியே சொல்லுவீர்கள்? கடைசிக் கேள்விக்கு “எந்தச் சந்தர்ப்பத்திலும் சொல்லமாட்டேன்” என்று ஒருவர் உறுதி தந்தால் வேறு ஆளைத் தேடுங்கள். உயிராபத்தும் பிள்ளைத் துன்புறுத்தலும் தெரியவரும்போது வெளியே சொல்லியே ஆக வேண்டும் என்பதைப் படித்தவர் முதல் நாளே உங்களுக்கு விளங்கப்படுத்துவார்.